கரோலா நேஹர்: பெர்லின் மேடையிலிருந்து சோல்-இலெட்ஸ்க் சிறை வரை

1928 ஆகஸ்ட் மாதம். பெர்லினில் ஷ்ப்ரே ஆற்றங்கரையில் உள்ள ஷிஃப்பவர்டாம் அரங்கில் ஒரு புதிய இசைநாடகத்துக்கு ஒத்திகை நடந்துகொண்டிருந்தது. எழுதியவர் பெர்டோல்ட் பிரெக்ட், இசை குர்ட் வைல். பெயர் 'மூன்று காசு இசைநாடகம்'. கதாநாயகி பாலி வேடத்துக்கு ஒப்பந்தமானவர் கரோலா நேஹர். ஒத்திகையின் நடுவிலேயே அவர் சுவிட்சர்லாந்தின் டாவோஸுக்கு ஓட வேண்டியிருந்தது. அங்கே காசநோயால் அவருடைய கணவர், கவிஞர் க்ளாபுண்ட், இறந்துகொண்டிருந்தார். ஆகஸ்ட் 14 அன்று 37 வயதில் க்ளாபுண்ட் காலமானார்.

நேஹர் பெர்லின் திரும்பினார். அவர் இல்லாத நாள்களில் நாடகம் பலமுறை வெட்டி ஒட்டப்பட்டிருந்தது. தன் வேடம் சுருங்கிவிட்டது என்று சொல்லி அவர் ஒத்திகையை விட்டு வெளியேறியதாக அரங்கை நடத்திய எர்ன்ஸ்ட் யோசஃப் ஆஃப்ரிஷ்ட் பின்னாளில் நினைவுகூர்ந்தார். இருந்த சில நாள்களில் ரோமா பான் என்ற நடிகை வசனத்தையும் பாட்டையும் மனப்பாடம் செய்து, ஆகஸ்ட் 31 அன்று பாலியாக மேடையேறினார். அந்த இரவு ஜெர்மன் நாடக வரலாற்றில் நிலைத்தது. நேஹர் அதில் இல்லை.

பல புத்தகங்கள் இந்தச் சம்பவத்தை ஒரு நட்சத்திரத்தின் பிடிவாதமாக எழுதிவிட்டுக் கடந்துபோகின்றன. கணவர் இறந்து இரண்டு வாரம்கூட ஆகாத ஒரு பெண் பாட்டும் கேலியுமான ஒரு கலியாண வேடத்தை ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தாள் என்பதைத்தான் நான் முதலில் பார்க்கிறேன். அடுத்த ஆண்டே அவர் அதே அரங்கில் பாலியாக நடித்தார். 1931-இல் ஜி. டபிள்யூ. பாப்ஸ்ட் எடுத்த திரைப்படத்திலும் பாலி அவர்தான். அவர் நடிப்பில் இன்று நம் கண்ணால் பார்க்கக் கிடைப்பது பெரும்பாலும் அந்த ஒரு படமே.

அந்தப் படம் வெளிவந்து பதினொரு ஆண்டுகளில், கஜகஸ்தான் எல்லைக்கு அருகே ஒரு ரஷ்யச் சிறையில் டைஃபஸ் காய்ச்சலில் அவர் இறந்தார். பெர்லின் முழுக்கத் தெரிந்த ஒரு முகம் எப்படி அப்படிக் காணாமல் போக முடிந்தது, யாருக்குத் தெரியும், தெரிந்தவர்கள் என்ன செய்தார்கள் என்பதே இந்த ஆய்வின் கேள்வி. "ஸ்டாலின் காலம், அப்படித்தான்" என்ற பதில் எனக்குப் போதவில்லை.

வங்கி மேசையிலிருந்து மேடைக்கு

1900 நவம்பர் 2 அன்று மியூனிக்கில் பிறந்தவர் கரோலீனே நேஹர். அப்பா இசை ஆசிரியர், அம்மா மதுவிடுதி நடத்தியவர். முதல் உலகப் போரின் கடைசி ஆண்டுகளில் வங்கியில் எழுத்தராக வேலை பார்த்தார். எந்த நாடகப் பள்ளியிலும் படிக்காமல் 1920-இல் பாடன்-பாடன் நகர அரங்கில் சின்ன வேடங்களில் தொடங்கினார். பிரெக்டின் மேடை வடிவமைப்பாளர் காஸ்பர் நேஹரோடு அவருக்கு உறவு எதுவும் இல்லை. பெயர் ஒற்றுமையால் இருவரையும் உடன்பிறந்தவர்களாக எழுதுகிறவர்கள் உண்டு.

அன்றைய ஜெர்மனியில் நாடகம் தலைநகரின் சொத்து அல்ல. முன்னர் மன்னர்களும் சிற்றரசர்களும் ஆண்ட ஊர்களிலெல்லாம் ஓர் அரங்கு இருந்தது. முடியாட்சி போனபின் நகராட்சிகளும் மாநிலங்களும் அவற்றை ஏற்று நடத்தின. அதனால் ஓர் இளம் நடிகை ஊர் ஊராகப் போய், பருவத்துக்குப் பருவம் ஒப்பந்தம் மாறி, மேடையிலேயே தொழில் கற்றுக்கொள்ள முடிந்தது. நேஹரும் அப்படித்தான் வளர்ந்தார்: டார்ம்ஷ்டாட், நியூரம்பர்க், மியூனிக் காமர்ஷ்பீலே, பிறகு 1924-இல் பிரெஸ்லாவின் லோபே அரங்கு. பிரெஸ்லாவ்தான் இன்றைய போலந்தின் விரோத்ஸ்வாஃப். 1925 மே மாதம் க்ளாபுண்டைத் திருமணம் செய்துகொண்டார்.

க்ளாபுண்டின் இயற்பெயர் ஆல்ஃபிரட் ஹென்ஷ்கே. பதினாறு வயதிலிருந்தே காசநோயோடு வாழ்ந்தவர். பழைய சீன நாடகம் ஒன்றைத் தழுவி அவர் எழுதிய 'வெண்கட்டி வட்டம்' 1925-இல் ஜெர்மனியெங்கும் ஓடியது. ஒரு குழந்தைக்கு இரண்டு பெண்கள் உரிமை கொண்டாடுகிறார்கள். தரையில் வெண்கட்டியால் வட்டம் போட்டு, நடுவில் குழந்தையை நிறுத்தி, இழுத்துக்கொள்ளச் சொல்கிறார் நீதிபதி. குழந்தைக்கு வலிக்குமே என்று கையை விடுகிறவளே தாய் என்று தீர்ப்பாகிறது. அந்தத் தாய் ஹைதாங் வேடத்தில் நேஹர் பிரெஸ்லாவில் நடித்தார். பெர்லினில் அதே வேடத்தை எலிசபெத் பெர்க்னர் செய்தார். இருபது ஆண்டு கழித்து அமெரிக்காவில் பிரெக்ட் இதே கதையைக் காகேசஸ் மலைக்குக் கொண்டுபோய் வேறு தீர்ப்போடு எழுதினார்.

நேஹரின் நடிப்பு எப்படி இருந்தது என்று இன்று சொல்ல, அந்தப் படமும் சில இசைத்தட்டுகளும் மட்டுமே கையில் உள்ளன. பாப்ஸ்டின் படத்தில் பாலி தன் திருமண இரவில் 'பார்பரா பாட்டு' பாடும் இடத்தை நான் திரும்பத் திரும்பப் பார்த்திருக்கிறேன். குரலை உயர்த்துவதில்லை, கையை ஆட்டுவதில்லை. தான் பாடுவது என்னவென்று தனக்கு இப்போதுதான் புரிகிறது என்பதுபோல ஒவ்வொரு வரியையும் சொல்லி நிறுத்துகிறார். அதே படத்தின் பிற்பகுதியில் அந்தப் பெண்ணே திருடர் கூட்டத்தை வங்கி இயக்குநர்களாக மாற்றிவிட்டு அமர்ந்திருக்கும்போது, குரலில் ஒரு துளிகூடக் கூடுதல் அதட்டல் இல்லை. பிரெக்ட் தேடிய நடிகை இவரே என்பதைப் புரிந்துகொள்ள அந்த இரண்டு காட்சிகளும் போதும்.

1929 செப்டம்பரில் ஷிஃப்பவர்டாம் அரங்கில் பிரெக்ட்-வைல் கூட்டணியின் அடுத்த நாடகம் 'ஹாப்பி எண்ட்'. சால்வேஷன் ஆர்மி என்ற கிறிஸ்தவத் தொண்டு அமைப்பின் இளம் அதிகாரி லில்லியன் ஹாலிடேயாக நேஹர். பாடல்கள் நிலைத்தன, நாடகம் தோற்றது. 1931 நவம்பர் 2, அவருடைய 31-ஆவது பிறந்தநாளன்று, டாய்ச்சஸ் தியேட்டரில் ஓடன் ஃபான் ஹோர்வாத்தின் 'வியன்னா வனக் கதைகள்' முதல் அரங்கேற்றம். மரியானே வேடம் அவருக்கு. 1932 ஏப்ரலில் பெர்லின் வானொலி பிரெக்டின் 'இறைச்சிக்கூடங்களின் புனித யோவன்னா'வைச் சுருக்கி ஒலிபரப்பியது. யோவன்னாவாக நேஹர், உடன் ஃபிரிட்ஸ் கோர்ட்னர், ஹெலேனே வைகல், எர்ன்ஸ்ட் புஷ், பீட்டர் லோரே. ஜெர்மனியின் எந்த அரங்கும் அந்த நாடகத்தைப் போடத் துணியாத நேரம் அது.

மூன்று ஆண்டில் மூன்று பெரிய வேடங்கள். நாடகக்காரர்கள் வாழ்நாள் முழுக்கக் காத்திருக்கும் வரிசை. அவருக்கு அப்போது 31 வயது.

நாட்டை விட்டுப் போகும் நடிகை எதைக் கொண்டுபோக முடியும்?

பெர்லினின் மார்க்சியத் தொழிலாளர் பள்ளியில் ரஷ்ய மொழி படிக்கப் போன இடத்தில் அனடோல் பெக்கரைச் சந்தித்தார். பெசராபியாவில் (இன்று பெரும்பகுதி மால்டோவா) பிறந்த பொறியாளர், கம்யூனிஸ்ட். 1932-இல் திருமணம். 1933 தொடக்கத்தில் ஹிட்லருக்கு எதிரான அறிக்கையில் கையெழுத்திட்ட நேஹர், வசந்தத்தில் நாட்டை விட்டு வெளியேறினார். முதலில் வியன்னா, பிறகு பிராக். 1934-இல் மாஸ்கோ. அதே ஆண்டு நாஜி அரசு அவருடைய ஜெர்மன் குடியுரிமையைப் பறித்தது.

ஏன் மாஸ்கோ என்று இன்று கேட்பது எளிது. இந்த வழக்கை மற்ற நாடுகடந்த கலைஞர்களோடு ஒப்பிட்டுப் பார்த்தால் முதல் காரணம் தெரிகிறது. ஓவியர் தூரிகையோடு போகலாம். இசையமைப்பாளர் குர்ட் வைல் பாரிஸிலும் நியூயார்க்கிலும் வேலை செய்ய முடிந்தது. எழுத்தாளர் மேசை டிராயருக்காவது எழுதலாம். மேடை நடிகையின் கருவி அவர் தாய்மொழி. அதைக் கேட்க மாலையில் எழுநூறு பேர் ஓர் அறையில் கூட வேண்டும். ஜெர்மன் மொழியில் தொழில்முறை நாடகம் நடந்த இடங்கள் ஜெர்மனிக்கு வெளியே விரல்விட்டு எண்ணக்கூடியவை: வியன்னா, ப்ராக், சூரிக், பாசல், இன்னும் சில. நடிகை தெரேஸே கீசேயைப்போலச் சூரிக்கில் காலூன்றியவர்கள் மிகச் சிலர். ஹெலேனே வைகல், பிரெக்டின் மனைவி, பதினைந்து ஆண்டு நாடுகடந்த வாழ்வில் மேடையேறிய தடவைகள் மிகக் குறைவு. அமெரிக்காவில் அவருக்குக் கிடைத்த திரைப்பட வேடத்தில் வசனமே இல்லை.

மாஸ்கோவில் அப்போது ஜெர்மன் தொழிலாளர்கள், பொறியாளர்கள், அகதிகள் என்று ஆயிரக்கணக்கானோர் இருந்தார்கள். ஜெர்மன் மொழியில் செய்தித்தாள் வந்தது. பதிப்பகமும் பள்ளியும் இருந்தன. ஒரு ஜெர்மன் அரங்கு வரப்போகிறது என்ற பேச்சும் ஓயவில்லை. ஆக, கணவரின் கொள்கையோடு, ஒரு நடிகையின் தொழில் கணக்கும் அவரை அங்கே அழைத்தது என்றே நான் நினைக்கிறேன். போன இடத்தில் நடந்தது வேறு. அரங்கு வரவில்லை. அகதி நாடக இயக்குநர் குஸ்டாஃப் ஃபான் வாங்கன்ஹைமின் குழுவோடு சேர்ந்த வேலை, கவிதை வாசிப்பு, மாலை நிகழ்ச்சிகள் என்று துண்டு துண்டாகவே கிடைத்தது. 1934 டிசம்பரில் மகன் பிறந்தான். 1935 வசந்தத்தில் பிரெக்ட் மாஸ்கோ வந்தபோது நேஹரைச் சந்தித்தார். அவர்கள் கடைசியாகப் பார்த்துக்கொண்டது அப்போதுதான்.

1936 ஜூலை 25

ஸ்டாலின் தன் பழைய தோழர்கள் மீது நடத்திய முதல் மாஸ்கோ வழக்கில் சினோவியெவும் கமெனெவும் கூண்டில் நின்றது 1936 ஆகஸ்டில். அதற்கு முன்பே அகதிகள் மத்தியில் கைதுகள் தொடங்கிவிட்டன. நாஜி முகாமில் கொல்லப்பட்ட கவிஞர் எரிஹ் முய்சாமின் மனைவி சென்ஸல் ஏப்ரலில் பிடிபட்டார். ஜூலை 25 அன்று நேஹர். கணவர் பெக்கரும் தப்பவில்லை. 1937-இல் அவர் சுட்டுக்கொல்லப்பட்டார்.

குற்றச்சாட்டின் நடு முடிச்சு பிராகில் இருந்தது. கம்யூனிஸ்ட் கட்சியிலிருந்து விலக்கப்பட்ட பழைய தளபதி எரிஹ் வொல்லன்பெர்க் அங்கே இருந்தார். நேஹர் பிராகில் இருந்தபோது அவரைச் சந்தித்திருந்தார். அகதிகள் நிறைந்த ஓர் ஊரில் ஒரே மொழி பேசுகிற இரண்டு பேர் சந்திப்பதில் என்ன அதிசயம்? விசாரணை அதிகாரிகள் அதை, ஸ்டாலினின் எதிரியான ட்ராட்ஸ்கியின் ஆதரவாளர்களுடைய சதிக்குத் தூது போன வேலையாக எழுதினார்கள். வாங்கன்ஹைம் விசாரணையில் கொடுத்த வாக்குமூலம் சோவியத் ஆவணங்கள் திறந்தபின் வெளிவந்தது: நேஹரும் பெக்கரும் சோவியத் எதிர்ப்பு மனநிலை கொண்டவர்கள் என்ற பொருளில் அது இருந்தது. கைதுக்கு அந்த வாக்குமூலமே காரணமா என்பதில் வாதம் உண்டு. வாங்கன்ஹைமின் மகன் பின்னாளில் தந்தையின் தரப்பை எழுதினார். அச்சுறுத்தப்பட்ட ஒருவர் தன் தலையைக் காத்துக்கொள்ளச் சொன்ன சொல் என்றே வைத்துக்கொள்வோம். ஆனாலும் அந்தத் தாள் கோப்பில் இருக்கிறது. போருக்குப் பின், 1945-இல், பெர்லின் டாய்ச்சஸ் தியேட்டரின் தலைமைப் பொறுப்புக்கு வந்தவர் வாங்கன்ஹைம்தான். ஹோர்வாத்தின் மரியானேயாக நேஹர் நின்றது அந்த மேடையில்தான்.

1937 மார்ச் 16 அன்று நேஹருக்குப் பத்து ஆண்டு தண்டனை. குடியுரிமை பறிக்கப்பட்டவர் என்பதால் அவருக்காகக் கேள்வி கேட்கத் தூதரகம் இல்லை. கட்சி அவரை எதிரி என்று எழுதிவிட்டது. நண்பர்கள் மட்டும் மிச்சம்.

அந்தரங்கமாக ஒரு கடிதம்

இந்த வழக்கில் நான் அதிக நேரம் செலவிட்டது இந்த இடத்தில்.

லியோன் ஃபாய்ஷ்ட்வாங்கர் உலகப் புகழ்பெற்ற நாவலாசிரியர். மியூனிக் நாள்களிலிருந்தே பிரெக்டின் நெருங்கிய நண்பர். 1936-37 குளிர்காலத்தில் மாஸ்கோ போய், ஜனவரியில் ஸ்டாலினையே நேரில் சந்தித்தார். அவர் திரும்பியபின் டென்மார்க்கிலிருந்து பிரெக்ட் அவருக்குக் கடிதம் எழுதினார். நேஹர் மாஸ்கோவில் சிறையில் இருப்பதாகக் கேள்விப்படுகிறேன், காரணம் தெரியவில்லை, அவரைச் சோவியத் நாட்டுக்கு ஆபத்தானவராக என்னால் நினைக்க முடியவில்லை, ஸ்டாலினின் செயலகத்தில் விசாரிக்க முடியுமா என்று கேட்டார். கூடவே ஒரு வேண்டுகோள்: இதை முற்றிலும் அந்தரங்கமாக வைத்துக்கொள்ளுங்கள், சோவியத் நடைமுறை மீது அவநம்பிக்கை விதைக்க நான் விரும்பவில்லை.

மே இறுதியில் ஃபாய்ஷ்ட்வாங்கரின் பதில் வந்தது: நான் மாஸ்கோவில் இருந்தபோது அவர் சிறையில் இருந்தார், கணவரின் துரோகச் சதியில் சிக்கிக்கொண்டதாகச் சொல்கிறார்கள், விவரம் தெரியாது.

ஸ்டாலினோடு உட்கார்ந்து பேசிய மனிதருக்கு அவர் சிறையில் இருப்பது அப்போதே தெரிந்திருந்தது என்பதே இந்தப் பதிலின் பொருள். பிரெக்டை மட்டும் குறைசொல்லி முடித்துவிடுவது நியாயமாகாது. எத்தனையோ பேர் ஒரு வரிகூட எழுதவில்லை, அவர் எழுதினார். ஹிட்லருக்கு எதிராக நிற்கக்கூடிய ஒரே வல்லரசு என்று அவர் நம்பிய நாட்டை வெளிப்படையாகக் கேள்வி கேட்கத் தயங்கினார். அந்தத் தயக்கம் எனக்குப் புரிகிறது. ஆனால் ஒரு புகழ்பெற்ற நடிகைக்கு இருந்த கடைசிக் காப்பு அவர் புகழ். ஊரறியக் கேட்டால் மட்டுமே புகழ் காப்பாற்றும். அந்தரங்கமாகக் கேட்ட அந்தக் கணத்தில் அவரும் பெயர் தெரியாத ஆயிரக்கணக்கான கைதிகளில் ஒருவராகிவிட்டார். வேலை செய்யக்கூடிய ஒரே ஆயுதத்தை, அவரை நேசித்தவர்களே உறையிலிருந்து எடுக்கவில்லை.

பெர்லின் நாள்களில் பிரெக்ட் நேஹருக்கென்று ஒரு கவிதை எழுதியிருந்தார். காலையில் பனிக்கட்டி மிதக்கும் செப்புக் கிண்ணத்துத் தண்ணீரில் முகம் கழுவு, தண்ணீருக்குள் கண்ணைத் திற, சொரசொரப்பான துண்டால் துடைத்துக்கொண்டே வேடத்தின் கடினமான வரிகளைப் படி என்று ஒரு நடிகைக்குச் சொல்லும் அறிவுரை அது. 1937-இல் அதே முகம் கழுவுதலை நினைவுபடுத்தி இன்னொரு கவிதை எழுதினார்: நீ சிறையில் இருப்பதாகக் கேள்விப்படுகிறேன், உனக்காக எழுதிய கடிதங்களுக்குப் பதில் இல்லை, நான் அணுகிய நண்பர்கள் பேசவில்லை என்று அது போகிறது. அந்தக் கவிதையில் உள்ள வலியை நான் சந்தேகிக்கவில்லை. அது அவரைப் போய்ச் சேரவில்லை.

சிறைகளில்

அவரைப் பார்த்தவர்கள் எழுதிவைத்ததால் சில சித்திரங்கள் மிஞ்சின. மாஸ்கோவின் பூத்திர்கா சிறையில் 1937-இல் அவரைக் கண்டதைச் சக கைதி யெவ்கேனியா கின்ஸ்பர்க் எழுதியிருக்கிறார். ஸ்டாலினும் ஹிட்லரும் உடன்படிக்கை செய்துகொண்டபின் சோவியத் அரசு ஜெர்மன் அகதிகள் சிலரை நாஜிகளிடமே ஒப்படைத்தது. 1940-இல் பிரெஸ்ட்-லிதொவ்ஸ்க் பாலத்தில் அப்படிக் கைமாற்றப்பட்ட ஜெர்மன் கம்யூனிஸ்ட் மார்கரெட்டே பூபர்-நாய்மன், அதற்கு முன் பூத்திர்காவில் நேஹரோடு இருந்தார். நேஹர் அந்தப் பட்டியலில் போகவில்லை. மாஸ்கோவுக்குத் தெற்கே உள்ள ஓரியோல் சிறையில் அடைக்கப்பட்டார்.

1941 மே மாதக் கடைசியில் பிரெக்ட் குடும்பத்தோடு மாஸ்கோ வழியாக விளாடிவாஸ்டாக் போய், அங்கிருந்து அமெரிக்காவுக்குக் கப்பல் ஏறினார். ரயில் கிளம்பிய இடத்துக்கும் ஓரியோல் சிறைக்கும் ஒரு பகல் பயணத் தூரம்.

அந்த வசந்தத்தில்தான், மார்ச்சில், நேஹர் ஒரு கடிதம் எழுதினார். கைதானபோது மகனுக்குப் பத்தொன்பது மாதம். அவன் அனாதை இல்லத்துக்குக் கொண்டுபோகப்பட்டிருந்தான். இல்லத்தின் தலைமைக்கு எழுதிய கடிதம் கேள்விகளால் ஆனது. என் பிள்ளை எப்படி வளர்கிறான்? உயரம் என்ன, எடை என்ன? எழுதப் படிக்கக் கற்கிறானா? எப்போது பள்ளிக்கூடம் போவான்? தன் தாயைப் பற்றி ஏதாவது தெரியுமா? ஒரு புகைப்படம் அனுப்புங்கள். அவனுக்கு இசை வருமா? படம் வரைவானா? வரைந்தால் ஒரு படம் அனுப்புங்கள்.

ஜூனில் ஜெர்மன் படைகள் எல்லை தாண்டின. செப்டம்பர் 11 அன்று ஓரியோல் சிறையின் அரசியல் கைதிகள் 157 பேர் ஊருக்கு வெளியே காட்டில் சுட்டுக்கொல்லப்பட்டார்கள். நேஹர் அந்தப் பட்டியலிலும் இல்லை. கிழக்கே, ஓரென்பர்க் அருகில் உப்புச் சுரங்க ஊரான சோல்-இலெட்ஸ்குக்குக் கொண்டுபோகப்பட்டார். 1942 ஜூன் 26 அன்று அங்கே இறந்தார். வயது 41.

1959-இல் சோவியத் நீதிமன்றம் தண்டனையை ரத்துசெய்து அவரைக் குற்றமற்றவர் என்று அறிவித்தது. அந்தச் செய்தி மேடைக்காரர்கள் நடுவில் பெரிய பேச்சாகவில்லை. பிரெக்ட் 1956-லேயே காலமாகியிருந்தார். இன்று பெர்லினின் ஹெல்லர்ஸ்டோர்ஃப் பகுதியில் கரோலா நேஹர் பெயரில் ஒரு தெரு இருக்கிறது.

மகன் தன் பெற்றோர் யாரென்று தெரியாமலே அனாதை இல்லங்களில் வளர்ந்தார். அறுபதுகளின் பிற்பகுதியில், முப்பது வயது தாண்டியபின், தேடத் தொடங்கி அம்மாவின் பெயரைக் கண்டுபிடித்தார். 1975-இல் மேற்கு ஜெர்மனிக்குக் குடிபெயர்ந்தார். அதற்குள் அவர், மியூனிக்கில் இருந்த தாத்தாவைப் போல, இசை கற்றுக்கொடுப்பவராக ஆகியிருந்தார்.